இருநிலாவின் சும்மா நாள்

கரை மாதம், 25
(நம் வீட்டுச் சுவர் நாட்காட்டியில் ஜனவரி 9, வியாழன்)

அன்புள்ள அண்ணா,

முதலில் நாட்காட்டி விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன். நாம் கற்பனையில் உண்டாக்கிய இருநிலா நாட்டின் நாட்காட்டியில் ஒரு பிழை இருக்கிறது. மூன்று வருடமாக நாம் இரண்டு பேரும் அதைக் கவனிக்கவில்லை.

உனக்குத் தெரிந்ததுதான், ஆனாலும் வரிசையாக எழுதினால்தான் பிழை எங்கே என்று புரியும். நம் நாட்டின் பெரிய நிலா முப்பத்து மூன்று நாளில் ஒரு சுற்று வருகிறது. சின்ன நிலா பதினோரு நாளில் வருகிறது. அதனால் வாரத்துக்குப் பதினோரு நாள், மாதத்துக்கு மூன்று வாரம், வருடத்துக்குப் பதினோரு மாதம். மொத்தம் முந்நூற்று அறுபத்து மூன்று. மிச்சம் இரண்டு நாளை எந்த மாதத்திலும் சேர்க்காமல், ஆறாவது மாதம் முடிந்ததும் ஒன்று, வருடக் கடைசியில் ஒன்று என்று வைத்தோம். அவற்றுக்குச் சும்மா நாள் என்று பெயர் வைத்தது நான். சட்டம் எழுதியது நீ. அன்று இரண்டு நிலாவும் பூமிக்குக் கீழே இருப்பதால் எதற்கும் சாட்சி கிடையாது. அன்று ஒருவர் சொன்னதைக் கேட்டவர் மறுநாளுக்கு எடுத்துப் போகக் கூடாது. அது அவர் காதிலேயே கிடக்க வேண்டும்.

இப்போது பிழை. நம் புது வருடம் ஜூன் ஒன்று, அதனால் டிசம்பர் பதினாறு சும்மா நாள் என்று எல்லா வருடமும் ஒரே மாதிரி வைத்துக்கொண்டோம். ஆனால் போன பிப்ரவரிக்கு இருபத்தொன்பது நாள். இருநிலாவில் லீப் வருடம் கிடையாது. அப்படியானால் இந்த வருடம் மே முப்பத்தொன்றிலேயே பிறந்துவிட்டது. சும்மா நாள் டிசம்பர் பதினைந்து. நீ வீட்டுக்கு வந்து, மாடியில் தண்ணீர்த் தொட்டிமேல் உட்கார்ந்து என்னிடம் சொன்னது பதினாறாம் தேதி. அது கரை மாதம் முதல் தேதி. சாதாரண நாள்.

இதை ஏன் இவ்வளவு விவரமாக எழுதுகிறேன் என்றால், நீ சொன்னதை ஞாயிற்றுக்கிழமை மதியம் சாப்பிடும்போது அப்பாவிடம் சொல்லிவிட்டேன். பேச்சுவாக்கில் வந்துவிட்டது. நீ ஆறு மாதமாக மருந்தியல் கல்லூரிக்குப் போகாததையும், ஓட்டல் சலவைக்கூடத்தில் வேலை செய்வதையும் சொன்னேன். பயிற்சிக்குப் போன ஆஸ்பத்திரியில் ஒரு நாலு வயதுக் குழந்தைக்கு நீ பெரியவர்களுக்கான மருந்தை மாற்றிக் கொடுத்ததையும் சொல்லிவிட்டேன்.

அப்பா கை கழுவிவிட்டு, ஞாயிற்றுக்கிழமை என்றுகூடப் பார்க்காமல், மருந்துக்கடைச் சாவியை எடுத்துக்கொண்டு போய்விட்டார். மறுநாள் எந்த ஓட்டல் என்று கேட்டார். அதையும் சொன்னேன். உன்னைப் பார்க்க வருவதாகச் சொல்கிறார். எப்போது என்று தெரியவில்லை.

சட்டப்படி நான் எதையும் மீறவில்லை என்றுதான் நினைக்கிறேன். நீயும் ஒரு தடவை எண்ணிப் பார்.

உன்
பஞ்சாங்கம்

*

ஜனவரி 17

பஞ்சாங்கம்,

உன் கடுதாசி திங்கட்கிழமை வந்தது. அப்பா அதுக்கு முன்னாடி வெள்ளிக்கிழமையே வந்துட்டுப் போயிட்டார்.

நீ எல்லாத்தையும் வரிசையா எழுதணும்னு சொல்ற ஆளு. நானும் வரிசையா எழுதறேன், கேட்டுக்கோ.

எங்க கூடத்துல ஒரு ஓரமா மூணு பெரிய துவைக்கிற மிஷின். இன்னொரு ஓரத்துல நீள மேஜை. படுக்கை விரிப்பை ரெண்டு பேர் எதிரெதிரா நின்னு, ஆளுக்கு ரெண்டு மூலை பிடிச்சு, ஒரு அடி ஒரு அடியா கிட்ட வந்து மடிக்கணும். எனக்கு எதிர்ல நிக்கிறவங்களுக்கு நாலுமூலை அக்கான்னு பேரு. மூலைக்கு மூலை சேரலைன்னா முழுசையும் பிரிச்சுடுவாங்க. எனக்கு அந்த வேலை பிடிச்சிருந்ததுக்குக் காரணமே அதுதான். தப்பா மடிச்சா பிரிச்சு மறுபடி மடிக்கலாம். யாருக்கும் ஒன்னும் ஆகாது.

அப்பா கடைச் செருப்போடயே வந்திருந்தார். வாசல்ல நின்னு கொஞ்ச நேரம் என்னைப் பார்த்தார். பேச ஆரம்பிச்ச நேரம் பார்த்து மூணு மிஷினும் ஒன்னா நின்னுடுச்சு. "குழந்தைக்கு மருந்தை மாத்திக் குடுத்துட்டு இங்க வந்து துணி மடிச்சுட்டு நிக்கிறியா?" அவர் கத்தலை. மிஷின் சத்தத்துக்குக் கேட்கணுமேன்னு கொஞ்சம் உரக்கச் சொன்னார், அவ்வளவுதான். மொத்தக் கூடமும் கேட்டுச்சு. போகும்போது, வீட்டுப் பக்கம் வந்துடாதேன்னார்.

நாலுமூலை அக்காவுக்கு நாலு வயசுல ஒரு பொண்ணு இருக்கு. சனிக்கிழமை காலைல அவங்க இஸ்திரி பக்கம் மாத்திக் கேட்டுப் போயிட்டாங்க. வேற யாரும் எனக்கு எதிர்ல வரலை. இப்ப ஒரு பக்கத்தைச் சுவத்து ஆணியில மாட்டிட்டு, இன்னொரு பக்கத்தை நான் பிடிச்சு மடிக்கிறேன்.

லீப் வருஷம்னு கண்டுபிடிச்சிருக்கே. ரொம்ப சந்தோஷம். இருநிலா வரைபடம் வீட்ல என் அலமாரிக்கு மேல சுருட்டி வெச்சிருக்கேன். வேணும்னா எடுத்துக்கோ. இல்லைன்னா குப்பைல போடு.

போன் நம்பரை மாத்திட்டேன். இனிமே எனக்கு எழுதாதே.

அண்ணன்

*

நுரை மாதம், 5
(ஜனவரி 22)

அன்புள்ள அண்ணா,

எழுதாதே என்று சொன்னாய். இந்த ஒன்றை மட்டும் படித்துவிடு. நீ வீட்டுக்கு வராமல் போய்விடுவாயோ என்ற பயத்தில் எழுதுகிறேன் என்பதும் உண்மைதான். ஆனால் அதற்கும் முன்னால் ஒரு பொய்யைத் திருத்த வேண்டியிருக்கிறது.

போன கடிதத்தில் முதலில் பிழையை எழுதி, பிறகு அப்பாவிடம் சொன்னதை எழுதினேன். படிக்கிறவர்களுக்கு நடந்ததும் அந்த வரிசையில்தான் என்று தோன்றும். அப்படித் தோன்ற வேண்டும் என்றுதான் எழுதினேன். நடந்தது தலைகீழ். ஞாயிற்றுக்கிழமை மதியம் சொன்னேன். அப்போது அது சும்மா நாளில் கேட்டது என்றுதான் முழுசாக நம்பிக்கொண்டிருந்தேன். மூன்று மணிக்கு நாட்காட்டி நோட்டை எடுத்தேன்.

திங்கள், செவ்வாய், புதன் மூன்று நாளும் தேடினேன். புவியியல் வகுப்பில் மேஜைக்குக் கீழே வைத்துத் தேடினேன். எங்கேயாவது ஒரு பிழை இருந்தே தீரும் என்று எனக்குத் தோன்றிக்கொண்டே இருந்தது. முதலில் மாதங்களைக் கூட்டிப் பார்த்தேன். பிறகு வாரங்களை எண்ணினேன். புதன்கிழமை சாயங்காலம் பிப்ரவரி கண்ணில் பட்டது. அண்ணா, அப்போது நான் சந்தோஷப்பட்டேன். அம்மா என்ன சிரிப்பு என்று கேட்கும் அளவுக்கு. அதை நினைத்தால்தான் இப்போது உடம்பு கூசுகிறது.

ஞாயிற்றுக்கிழமையே உனக்குப் போன் செய்திருக்கலாம். இரண்டு வரி எழுதித் தபாலில் போட்டிருந்தால்கூட வியாழக்கிழமை உனக்குக் கிடைத்திருக்கும். அப்பா வெள்ளிக்கிழமை விடிகாலை பஸ்ஸில் கிளம்பினார். நீ வாசலிலேயே நின்று அவரை வெளியே கூட்டிக்கொண்டு போயிருக்கலாம். மிஷின் நின்றால் என்ன, ஓடினால் என்ன. அந்த நாலு நாளை நான் என்னைக் காப்பாற்றிக்கொள்ளச் செலவழித்தேன்.

பிழை என்னவோ உண்மையான பிழைதான். மூன்று தடவை சரிபார்த்தேன். அதனால் ஒன்றும் ஆகப்போவதில்லை என்று தெரிந்தும் சொல்கிறேன்.

அப்பா திரும்பி வந்ததிலிருந்து ஒவ்வொரு புட்டியையும் இரண்டு தடவை வாய்விட்டுப் படித்துவிட்டுத்தான் கொடுக்கிறார். நேற்று ஒரு வாடிக்கையாளர், என்ன, கண்ணாடி மாத்தணுமா என்று கேலி செய்தார். அப்பா சிரிக்கவில்லை. உன் பேச்சை எடுத்தால் எழுந்து போய்விடுகிறார். அம்மா அவர் காதில் விழும்படி, அப்பனும் பிள்ளையும் ஒரே அச்சு, நடுவில் நான் ஒரு கதவு, இரண்டு பக்கமும் என்னைத்தான் சாத்துகிறார்கள் என்றாள்.

வரைபடத்தை எடுக்கவில்லை. அது நீ வைத்த இடத்திலேயே இருக்கிறது.

பஞ்சாங்கம்

*

பிப்ரவரி 2

பஞ்சாங்கம்,

பதில் போடக் கூடாதுன்னுதான் இருந்தேன். ஒரே ஒரு விஷயம் மண்டையைக் குடையுது. அதுக்காக எழுதறேன்.

பேச்சுவாக்குல வந்துடுச்சுன்னு எழுதியிருந்தே. உனக்கு எதுவும் பேச்சுவாக்குல வராது. நான் கடையில அளவுக் குடுவையை உடைச்சதை ரெண்டு வருஷம் வாயைத் திறக்காம வெச்சிருந்தவ நீ. அப்பா உன்னை நிக்கவெச்சுத் துருவித் துருவிக் கேட்டாலும் அசைய மாட்டே.

அன்னைக்கு அப்பா என்ன கேட்டார்? மிரட்டினாரா? அப்படி ஏதாவது இருந்தா எழுது. அது தெரிஞ்சா எனக்குக் கொஞ்சம் ஆறும்.

ஒரு வரி போதும்.

அண்ணன்

*

பிப்ரவரி 8

அண்ணா,

அப்பா எதுவும் கேட்கவில்லை.

நீ கேட்ட ஒரு வரி இதுதான். மிரட்டினார் என்று எழுதினால் நீ நம்பிவிடுவாய், என்னிடம் திரும்பப் பேசுவாய் என்று எனக்குத் தெரியும். இரண்டு நாளாக அந்த வாக்கியத்தை மனசுக்குள் எழுதி எழுதிப் பார்த்தேன். நன்றாகத்தான் வந்தது. ஆனால் அது நடக்கவில்லை.

நடந்தது இது. அதற்கு முந்தைய வெள்ளிக்கிழமை மதிப்பெண் அட்டை கொடுத்தார்கள். நான் வகுப்பில் முதல். ஞாயிற்றுக்கிழமை அப்பா நிதானமாக உட்கார்ந்து சாப்பிடுவார் என்று காத்திருந்து, அன்று மதியம் அவர் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தேன். அவர் அதைப் பார்த்தார். காற்றில் பறக்காமல் இருக்கத் தண்ணீர் டம்ளரை அதன்மேல் வைத்தார். பிறகு அம்மாவிடம் உன்னைப் பற்றிப் பேச ஆரம்பித்தார். தனியாக இருந்து படிக்கிறான், ஒரு நாளாவது கஷ்டம் என்று சொன்னானா, மார்க்கைத் தூக்கிக்கொண்டு வந்து காட்டினானா என்று. என்னைக் குத்திக் காட்டச் சொல்லவில்லை. நான் அங்கே இருந்தது அவருக்கு ஞாபகமே இல்லை. அட்டைமேல் டம்ளர் ஈரம் வட்டமாகப் படிந்துகொண்டிருந்தது.

"அண்ணன் படிக்கவே இல்லப்பா" என்றேன்.

அப்பா சிரித்தார். நான் வேடிக்கைக்குச் சொல்கிறேன் என்று நினைத்தார். அங்கேயே நிறுத்தியிருக்கலாம். ஆமாம், சும்மா சொன்னேன் என்று நானும் சிரித்திருக்கலாம். அவர் சிரித்தது பொறுக்காமல் சலவைக்கூடத்தைச் சொன்னேன். அப்போதும் முகத்தில் பாதிச் சிரிப்பு இருந்தது. குழந்தை விஷயத்தைச் சொன்னது அந்தப் பாதியும் போக வேண்டும் என்பதற்காக. போய்விட்டது.

இன்னும் ஒன்று இருக்கிறது. இதை இன்னும் யாருக்கும் சொல்லவில்லை. அந்த முதலிடம் என்னுடையது இல்லை. அறிவியலில் எனக்கு எழுபத்தெட்டு. மொத்தம் போடும்போது எண்பத்தேழு என்று கூட்டியிருக்கிறார்கள். ஒன்பது அதிகம். அட்டையை வாங்கிக்கொண்டு மாடிப்படி இறங்குவதற்குள் எனக்குத் தெரிந்துவிட்டது. பக்கத்தில் உட்காரும் பென்சில் என்னைவிட நாலுதான் குறைவு. ஒல்லியாக இருப்பாள், காதில் எப்போதும் பென்சில் சொருகியிருப்பாள் என்று சொல்வேனே, அவள். உண்மையில் அவள்தான் முதல். தேடாமலே கிடைத்த பிழையை மூடி வைத்துக்கொண்டேன். அந்த அட்டைக்குத்தான் அப்பா என்னைப் பாராட்டவில்லை என்று கோபப்பட்டேன். உன் விஷயத்திலோ, இருக்கிறதா என்றே தெரியாத பிழையை மூன்று நாள் தேடினேன்.

திங்கட்கிழமை வகுப்பாசிரியையிடம் சொல்லப் போகிறேன். சொல்லிவிட்டு உனக்கு எழுதினால் நல்ல பிள்ளை மாதிரி இருக்கும். சொல்லாமல் விட்டுவிடுவேனோ என்று பயமாக இருப்பதால் முதலிலேயே எழுதுகிறேன்.

இன்று இருநிலாத் தேதி போட மனம் வரவில்லை.

*

திரை மாதம், 4

பஞ்சாங்கம்,

உன் கணக்கு சரி. நானும் உக்காந்து எண்ணிப் பார்த்துட்டுத்தான் மேல தேதி போட்டிருக்கேன். டிசம்பர் பதினாறு சாதாரண நாள்தான். ஆனா அன்னைக்குத் தொட்டிமேல உக்காந்திருந்த ரெண்டு பேரும் அது சும்மா நாள்னு நினைச்சாங்க. நிலா மேல இருந்துச்சா கீழ இருந்துச்சாங்கறது அதுக்கப்புறம்தான்.

நீ எழுதினதைப் படிச்சப்போ ஆத்திரம் வந்துச்சு. ஒரு டம்ளருக்காகவா என்னை வித்தேன்னு தோணுச்சு. ரெண்டு நாள் கழிச்சு வேற ஒன்னு தோணுச்சு. அதை நான் சொல்லாம விட்டா, நீ மட்டும்தான் எல்லாத்தையும் எழுதினவளா ஆயிடுவே.

அன்னைக்கு எதேச்சையா நான் வரலை. சும்மா நாள் எப்பன்னு பார்த்து, அதுக்குன்னே பஸ் ஏறினேன். உன்கிட்ட சொன்னா, சட்டத்துக்குக் கட்டுப்பட்டு நீ வாயைத் திறக்க மாட்டேன்னு தெரியும். எனக்குப் பாரம் இறங்கணும், யாருக்கும் தெரியவும் கூடாது. ஏழு மணி பஸ்ஸுல திரும்பினப்போ ரொம்ப நாள் கழிச்சு நல்லாத் தூங்கினேன். பதினாலு வயசுப் பொண்ணு தலையில தூக்கி வெச்சுட்டு. நீ அன்னைக்கு ராத்திரி தூங்கினியான்னு நான் இதுவரைக்கும் கேட்டதே இல்லை.

போன வாரம் நாலுமூலை அக்கா வந்தாங்க. உங்கப்பா சொன்னதை வெச்சே நான் முடிவு பண்ணிட்டேன், நீயே சொல்லு, என்ன நடந்துச்சுன்னு கேட்டாங்க. சொன்னேன். ஒரே மாதிரி ரெண்டு புட்டி, பெரியவங்களுக்கு ஒன்னு, குழந்தைக்கு ஒன்னு, படிக்காம எடுத்துட்டேன். குழந்தை ஒன்றரை நாள் கண்ணைத் திறக்கலை. பொறுப்பாளர்கிட்ட ஒத்துக்கிட்டேன், அவர், முழிச்சுடுச்சில்ல, விடுன்னுட்டார். வெளியே பெஞ்சுல இருந்த அதோட அம்மா நான்தான்னு தெரியாம, நீங்க எல்லாரும் நல்லாப் பார்த்துக்கிட்டீங்கன்னு என் கையைப் பிடிச்சாங்க. அதுக்கப்புறம் என்னால ஒரு புட்டியைக்கூட எடுக்க முடியலை.

அக்கா கேட்டாங்க. "அந்தம்மாகிட்ட சொன்னியா?"

இல்லைன்னேன்.

"அப்ப ஊர்ல இருக்கற மத்தவங்ககிட்ட எல்லாம் சொல்லி என்ன பிரயோஜனம்?" சொல்லிட்டு, ஆணியில மாட்டியிருந்த மூலைங்களைக் கழட்டி அவங்க பிடிச்சுக்கிட்டாங்க.

அந்த ஞாயிற்றுக்கிழமையே போனேன். தெரு பேரு ஞாபகம் இருந்துச்சு, விசாரிச்சுக் கண்டுபிடிச்சேன். அவங்க வாசல்ல நின்னே முழுசாக் கேட்டாங்க. கதவைச் சாத்திட்டாங்க. சாத்தறதுக்கு முன்னாடி குழந்தை அவங்களுக்குப் பின்னாலேர்ந்து எட்டிப் பார்த்துச்சு. வளர்ந்திருக்கு.

உன்மேல கோபம் முழுசாப் போகலை. பாதி போயிருக்கு. இப்போதைக்கு உன்கிட்ட எதையும் நம்பிச் சொல்ல முடியும்னு தோணலை, அதையும் மறைக்காம சொல்லிடறேன். இதுல எழுதியிருக்கறது ரகசியம் இல்லை. ஆனா அப்பாகிட்ட சொல்றதுன்னா நான்தான் சொல்லணும். அவர் வராதேன்னு சொன்னார். அவரே வான்னு சொல்லாம வர மாட்டேன். நீ நடுவுல பூந்து எதையும் சரிபண்ணாதே.

பென்சில் விஷயம் என்ன ஆச்சு?

அண்ணன்

*

திரை மாதம், 13
(மார்ச் 4)

அன்புள்ள அண்ணா,

அன்று ராத்திரி நான் தூங்கவில்லை. நீ கேட்டதால் சொல்கிறேன். குறையாகச் சொல்லவில்லை.

பென்சில் விஷயத்தை வகுப்பாசிரியையிடம் சொல்லிவிட்டேன். அவர் என்னைப் பாராட்டுவார் என்று ஒரு ஓரத்தில் நினைத்திருந்தேன் போலிருக்கிறது. பதிவேட்டை முழுசாகத் திருத்த வேண்டுமே, இதை ஒரு மாதம் முன்னாலேயே சொல்வதற்கென்ன என்று அலுத்துக்கொண்டார். பென்சில் ஒரு வாரம் என்னோடு பேசவில்லை. பிறகு ஒருநாள் இடைவேளையில், தனக்கு முதல் நாளே தெரியும் என்றாள். அவள் தன்னுடையதைக் கூட்டிப் பார்த்துவிட்டு, என் அட்டையையும் எட்டிப் பார்த்துக் கூட்டியிருக்கிறாள். "நீயா சொல்றியான்னு பார்த்துட்டு இருந்தேன்" என்றாள். இப்போது பேசுகிறாள். ஆனால் என் நோட்டை வாங்கிப் பார்த்து எழுதும்போது ஒரு தடவை சரிபார்த்துக்கொள்கிறாள்.

வீட்டிலும் சொன்னேன். அம்மா, அந்தப் பெண்ணுக்கு எப்படி இருந்திருக்கும் என்று மட்டும் கேட்டாள். அப்பா, எத்தனை அதிகமாகப் போட்டுவிட்டார்கள் என்று கேட்டார். ஒன்பது என்றேன். தலையை ஆட்டிவிட்டு அட்டையை வாங்கி முதல் வரியிலிருந்து கடைசி வரி வரைக்கும் படித்தார்.

உன் கடிதம் கடைக்குத்தான் வந்தது. தபால்காரர் அப்பா கையில் கொடுத்திருக்கிறார். உன் கையெழுத்து அவருக்குத் தெரியாமல் இருக்காது. பிரிக்காமல் கொண்டுவந்து என்னிடம் கொடுத்தார். நான் படித்து முடிக்கும்வரை உள்ளே போவதும் வருவதுமாக இருந்தார். சாயங்காலம் கடைக்கு அவருக்குக் காப்பி எடுத்துப் போனபோது, மாத்திரை அட்டையைக் கத்தரித்துக்கொண்டே, என் முகத்தைப் பார்க்காமல் கேட்டார்.

"என்ன எழுதியிருக்கான்?"

எல்லாம் நாக்கு நுனியில் இருந்தது, அண்ணா. நீ அந்த வீட்டு வாசலில் போய் நின்றதைச் சொன்னால் அந்த நிமிஷமே அவர் உன்னைக் கூப்பிட்டுவிடுவார் என்று தோன்றியது. நல்லதுக்குத்தானே என்றும் தோன்றியது. சாதாரண நாள்தான், எந்தச் சட்டமும் இல்லை.

"அவன்கிட்டயே கேளுங்கப்பா" என்றேன்.

திட்டுவார் என்று நினைத்தேன். கத்தரிப்பதை நிறுத்திவிட்டு, இருமல் மருந்து கேட்டு வந்த ஒருவருக்குப் புட்டியை இரண்டு தடவை படித்துக் கொடுத்தார். பிறகு, சலவைக்கூடம் என்று போட்டால் போய்ச் சேருமா, இல்லை அவன் தங்கியிருக்கும் அறையின் விலாசம் வேண்டுமா என்று கேட்டார்.

மூன்று நாள் எழுதினார். ஆள் வந்தால் தாளைக் கவிழ்த்து வைத்துவிடுவார். போனதும் திருப்புவார். குப்பைக்கூடையில் கசக்கிய தாள்கள் கிடந்தன. கடை பெருக்கியது நான்தான். ஒன்றையும் பிரித்துப் பார்க்காமல் கொட்டினேன். இன்று காலை உறையை ஒட்டி, உன்னுடையதோடு சேர்த்துப் போட்டுவிடு என்று என்னிடம் கொடுத்தார்.

இதோடு அதையும் வைத்திருக்கிறேன். லேசாக இருக்கிறது, ஒரு தாள்தான் இருக்கும். வா என்று எழுதியிருக்கிறாரா, வேறு என்ன எழுதியிருக்கிறார் என்று எனக்குத் தெரியாது. ஒரே ஒரு தடவை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தேன். உடனே இறக்கிவிட்டேன்.

உன்
பஞ்சாங்கம்